தீயில் சுட்ட மிளகாயில் புகை மணம் ஏன் நிற்பதில்லை? (க்ரீமியான மிளகாய் டிப்)

மார்ச் 2, காலை 8.10 (கேள்வி)

பழுத்த சிவப்பு மிளகாயை நேராக அடுப்புத் தீயில் தோல் கருகச் சுட்டு, அரைத்து, மயோனைஸில் கலந்தால் புகை மணமுள்ள டிப் கிடைத்துவிடும், சிபோட்லே (மெக்சிகோவின் புகையூட்டிய மிளகாய்) எல்லாம் வேண்டியதே இல்லை என்பது என் கட்சி. ஆனால் மூன்று தடவையும் ஒரே குறை. கலந்த உடனே கருகல் மணம் தூக்கலாக இருக்கிறது. இரண்டு மணி நேரத்தில் அது காணாமல் போய், கிண்ணத்தின் ஓரத்தில் தண்ணீர் கட்டிக்கொள்கிறது. அளவு: மயோனைஸ் 100 கிராம், தயிர் 100 கிராம், சுட்ட மிளகாய் 100 கிராம், உப்பு, ஒரு பல் பூண்டு. எங்கே தப்பு?

மார்ச் 2, காலை 11.25

கட்சியிலேயே கோளாறு. கருகல் வேறு, புகை வேறு. கேஸ் அடுப்பின் நீலத் தீயில் புகை என்று சொல்ல ஒன்றும் கிடையாது. தோல் கருகும், உள்ளே சதை வேகும், லேசான கசப்பும் கொஞ்சம் இனிப்பும் ஏறும். நல்ல ருசிதான், குறை சொல்லவில்லை. ஆனால் புகை மணம் என்று மூக்கு கண்டுபிடிக்கிற சங்கதி மரம் கனிவதில் வருவது. மரத்திலுள்ள லிக்னின் சூட்டில் உடைந்து குவாயகால், சிரிங்கால் என்று சில பொருள்கள் புகையோடு கிளம்பி உணவின்மேல் படிகின்றன. மரம் இல்லையென்றால் அந்த மணமும் இல்லை.

தண்ணீர் விஷயம் அதைவிட எளிது. பச்சை மிளகாயோ பழுத்த மிளகாயோ, பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். 100 கிராம் சுட்ட மிளகாயைக் கொட்டும்போது அரை டம்ளர் தண்ணீரைக் கொட்டுகிறீர்கள். வடிகட்டாத தயிர் தன் பங்குக்கு இன்னும் கொஞ்சம் கொண்டுவருகிறது. உப்பு பட்டதும் எல்லாம் வெளியே வரும்.

சிபோட்லே என்பது தனி மிளகாய் ரகம் கிடையாது. செடியிலேயே சிவக்கப் பழுத்த ஹாலபென்யோ என்ற மிளகாயை மரப் புகையில் உலர்த்தினால் சிபோட்லே. மெக்சிகோவின் நாவாட்ல் மொழியில் மிளகாய்க்கும் புகைக்கும் உள்ள சொற்கள் ஒட்டிப் பிறந்த பெயர். ஹாலபென்யோவுக்குச் சதை தடிமன். வெயிலில் பரப்பினால் காய்வதற்குள் பூஞ்சை பிடித்துவிடும், அதனால்தான் புகை. விற்பனைக்கு வருவது இரண்டு விதம். மொரீட்டா சின்னது, கருஞ்சிவப்பு, விரலில் அழுத்தினால் வளைந்து கொடுக்கும், பழப் புளிப்பு உண்டு. மேக்கோ பெரியது, வெளிர்ப்பழுப்பு, காய்ந்த சருகு போல் இருக்கும், அதிக நேரம் புகையில் கிடந்தது. டிப்புக்கு மொரீட்டா பொருந்தும். மேக்கோ போட்டால் மற்ற எல்லாவற்றையும் அமுக்கிவிடும்.

மார்ச் 2, இரவு 9.40

முழு அளவையும் எழுதிவிடுகிறேன். விழுதையும் க்ரீமையும் தனித்தனியாகச் செய்து கடைசியில் சேர்ப்பதுதான் என் வழி. ஒரே ஜாரில் எல்லாவற்றையும் போட்டு அடித்தால் எது கெட்டது என்று கண்டுபிடிக்க முடியாது.

விழுது: காய்ந்த மொரீட்டா 20 கிராம் (ஏழெட்டு மிளகாய் வரும்). காம்பைக் கிள்ளி, வகிர்ந்து, விதையையும் உள்ளே ஓடும் வெளிர் நரம்பையும் உதறிவிடுங்கள். காரத்தின் பெரும்பகுதி அந்த நரம்பில். விதையில் இருப்பது ஒட்டிக்கொண்ட காரமும் சொந்தக் கசப்பும். வாணலியை மிதமாகச் சூடாக்கி, எண்ணெய் இல்லாமல், ஒரு பக்கத்துக்கு 15 விநாடி. மணம் எழும்பி, மிளகாய் கொஞ்சம் உப்பி, நிறம் ஒரு படி மாறும். அந்த நேரத்தில் எடுத்துவிட வேண்டும். ஏற்கெனவே புகையில் கிடந்த மிளகாய், இதற்குமேல் நிற்காது. கறுத்த புள்ளி விழுந்தால் அந்த மிளகாயைத் தூக்கிப் போடுங்கள், கசப்பைப் பின்னால் எதுவும் சரிசெய்யாது. ஜன்னலைத் திறந்து வையுங்கள், நெடி ஏறினால் வீடே இருமும்.

கொதித்து இறங்கிய வெந்நீரில் 20 நிமிடம் ஊறட்டும், மேலே ஒரு தட்டைக் கவிழ்த்து அமுக்கி வைத்தால் மிதக்காது. ஊறிய மிளகாய், ஊறிய தண்ணீர் 40 மி.லி., வினிகர் 15 மி.லி., சர்க்கரை ஒரு டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன் சேர்த்து நைசாக அரைத்து, சல்லடையில் கரண்டியால் தேய்த்து வடிகட்டுங்கள். தோல் மேலே நிற்கும். கீழே இறங்கியதை ஒரு டேபிள்ஸ்பூன் எண்ணெயில் மிதமான தீயில் நான்கைந்து நிமிடம் கிளற வேண்டும். முதலில் தெறிக்கும். பிறகு கரண்டி இழுத்த இடத்தில் வாணலியின் அடி தெரிந்து, இரண்டு நொடி கழித்துத்தான் மூடிக்கொள்ளும். அதுதான் பதம். 80 கிராம் அளவுக்குத் தேறும், இரண்டு தடவைக்கு ஆகும்.

க்ரீம் (அதாவது மயோனைஸ்): முட்டை மஞ்சள் கரு 1, கடுகு விழுது ஒரு டீஸ்பூன், எலுமிச்சை சாறு 15 மி.லி., தண்ணீர் 10 மி.லி., உப்பு அரை டீஸ்பூன் (3 கிராம்), வாசனையில்லாத ரீஃபைண்ட் எண்ணெய் 200 மி.லி. எல்லாம் அறைச் சூட்டில். ஹேண்ட் பிளெண்டரின் தலை சரியாக உள்ளே போகிற அகலத்தில் ஒரு ஜாடி. முதலில் மஞ்சள் கரு வகையறா, மேலே எண்ணெய் மொத்தமும். ஒரு நிமிடம் அப்படியே விடுங்கள். பிளெண்டரை அடிவரை இறக்கி, மஞ்சள் கருவை மூடினாற்போல் அழுத்திப் பிடித்து, அசைக்காமல் ஓட்டுங்கள். பத்துப் பதினைந்து விநாடியில் அடியிலிருந்து வெள்ளையாகச் சுருண்டு கிளம்பும். பாதி வெளுத்த பிறகுதான் மெல்ல மேலே தூக்க வேண்டும்.

இந்த க்ரீம் முழுவதற்கும் விழுது 35 கிராம், பூண்டு 2 பல். கையால் கலந்து, மூடி, ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

மார்ச் 3, காலை 6.50

நேற்று எழுதியதில் பூண்டு அளவைத் திருத்துகிறேன். 2 பல் பச்சையாகப் போட்டால் அன்றைக்குச் சரியாக இருக்கும், மறுநாள் பூண்டு மட்டும்தான் இருக்கும். புகையைக் கொல்வதில் பச்சைப் பூண்டுக்கு நிகர் இல்லை. அரைப் பல் போதும், அதையும் எலுமிச்சை சாற்றுக்குள்ளேயே துருவிப் பத்து நிமிடம் வைத்து, பிறகு அந்தச் சாற்றைப் பயன்படுத்துங்கள். பூண்டை நசுக்கும்போது ஒரு நொதி வேலை செய்து காட்டமான அல்லிசினை உண்டாக்குகிறது. புளிப்பு அந்த நொதியின் கையைக் கட்டிப்போடும். துருவி முடித்த பிறகு சாறு ஊற்றினால் பயன் குறைவு, காட்டம் அதற்குள் உண்டாகிவிடும்.

பூண்டு மணம் நிறைய வேண்டும், காட்டம் வேண்டாம் என்றால் தோலோடு முழுப் பல்லாக 10 நிமிடம் கொதிக்கவைத்து நசுக்குங்கள். அப்படியென்றால் 3 பல்கூடத் தாங்கும்.

மார்ச் 3, காலை 9.05 (கேள்வி கேட்டவர்)

சிபோட்லே கைக்குக் கிடைக்கவில்லை. சாதாரணக் காய்ந்த மிளகாய் 20 கிராம் போட்டால்?

மார்ச் 3, காலை 9.30

வாய் வெந்துவிடும். ஹாலபென்யோ 2,500 முதல் 8,000 ஸ்கோவில் (காரத்தை அளக்கும் அலகு). காய்ந்த மிளகாயை ஒத்த கயேன் வகை மிளகாய் 30,000 முதல் 50,000. எடைக்கு எடை மாற்றும் கணக்கு இங்கே ஓடாது. மேலும் அதில் புகை இல்லை, காரம்தான்.

ஸ்மோக்ட் பாப்ரிகா இருந்தால் அதுவே நேர்வழி. ஸ்பெயினின் லா வேரா பகுதியில் மிளகாயைப் பத்துப் பதினைந்து நாள் ஓக் மரப் புகையில் உலர்த்திப் பொடிக்கிறார்கள். இனிப்பு, இடைநிலை, காரம் என்று மூன்று தரம். டப்பாவில் வெறும் ‘பாப்ரிகா’ என்று மட்டும் இருந்தால் அது புகை படாதது, ஏமாந்துவிடாதீர்கள். 240 கிராம் க்ரீமுக்கு ஸ்மோக்ட் பாப்ரிகா இரண்டு டீஸ்பூன், காரத்துக்குக் காய்ந்த மிளகாய்த் தூள் கால் டீஸ்பூன், தக்காளி பேஸ்ட் ஒரு டீஸ்பூன். சிபோட்லேயின் பழப் புளிப்புக்கு ஈடாகத்தான் தக்காளி.

பொடியை அப்படியே மயோனைஸில் தூவாதீர்கள். பச்சை வாடை அடிக்கும், நாக்கில் நறநறக்கும். 30 மி.லி. எண்ணெயை விரல் வைக்க முடியாத அளவுக்குச் சூடாக்கி (புகையக் கூடாது), அடுப்பை அணைத்துவிட்டு, பொடியைப் போட்டுக் கிளறி, முழுக்க ஆறவிட்டு அப்புறம் சேருங்கள். நிறம், காரம், புகை மூன்றுமே எண்ணெயில் நன்றாகக் கரையும். பாப்ரிகாவில் சர்க்கரை இருப்பதால் அடுப்பு எரியும்போதே போட்டால் பத்து விநாடியில் கருகிவிடும்.

மார்ச் 3, பிற்பகல் 2.15

டின்னில் வரும் ‘சிபோட்லே இன் அடோபோ’ (புளிப்புக் குழம்பில் ஊறிய சிபோட்லே) பற்றி ஒருவர் கேட்டிருக்கிறார். தாராளமாக. வறுக்கவோ ஊறவைக்கவோ வேண்டாம். 200 கிராம் க்ரீமுக்கு இரண்டு மிளகாய், ஒரு டேபிள்ஸ்பூன் டின் குழம்பு. அதில் ஏற்கெனவே வினிகர், உப்பு, சர்க்கரை, தக்காளி எல்லாம் இருக்கும். க்ரீமில் எலுமிச்சையையும் உப்பையும் பாதியாக்குங்கள், ருசி பார்த்துப் பிறகு ஏற்றிக்கொள்ளலாம். டின்னைத் திறந்தால் மிச்சத்தை அரைத்து ஐஸ் தட்டில் குழிக்கு ஒரு டேபிள்ஸ்பூன் ஊற்றி உறைய வையுங்கள்.

விழுது உறையும், மயோனைஸ் உறையக் கூடாது. உறைந்து உருகினால் எண்ணெய் தனி, தண்ணீர் தனி.

மார்ச் 3, இரவு 10.20

எண்ணெயைப் பற்றிச் சொல்ல விட்டுப்போனது. எக்ஸ்ட்ரா விர்ஜின் ஆலிவ் எண்ணெயை பிளெண்டரில் அடிக்காதீர்கள், கசந்துபோகும். புகைக் கசப்போடு இதுவும் சேர்ந்தால் வாயில் வைக்க முடியாது. அந்த வாசனை வேண்டுமென்றால் 150 மி.லி. சாதா எண்ணெயில் க்ரீமை முடித்துவிட்டு, மிச்சம் 50 மி.லி. ஆலிவ் எண்ணெயைக் கரண்டியால் சிறுகச் சிறுகக் கலக்குங்கள்.

மார்ச் 4, காலை 7.30 (கேள்வி கேட்டவர்)

என்னிடம் மிக்சிதான் இருக்கிறது. நேற்று இரவு பெரிய ஜாரில் செய்தேன். மோர் மாதிரி ஓடுகிறது.

மார்ச் 4, காலை 8.00

பெரிய ஜாரில் ஒரு மஞ்சள் கரு பிளேடுக்கு எட்டவே எட்டாது, சுவரில் தெறித்து ஒட்டிக்கொள்ளும். பிளேடு எண்ணெயை மட்டும் கடைந்துகொண்டிருக்கும். சின்ன ஜாரை எடுங்கள், மஞ்சள் கரு மட்டும் போடாமல் முழு முட்டையாகப் போடுங்கள். முழு முட்டை 1, எண்ணெய் 250 மி.லி., மற்றவை அதே அளவு, ஆனால் 10 மி.லி. தண்ணீர் வேண்டாம், வெள்ளைக் கருவிலேயே தண்ணீர் இருக்கிறது. சின்ன ஜார் மூடியில் ஊற்ற ஓட்டை இருக்காது. அதனால் தவணை: முதல் நான்கு தடவை ஒரு டேபிள்ஸ்பூன் வீதம், ஒவ்வொன்றுக்கும் பல்ஸில் ஐந்தாறு முறை. மயோனைஸ் பிடித்துக்கொண்டது தெரிந்த பிறகு 40 மி.லி. வீதம். தொடர்ந்து ஓட்டினால் ஜார் சூடாகிப் பிரிந்துவிடும். ஜாரின் அடி கைக்கு வெதுவெதுப்பாகத் தெரிந்தாலே நிறுத்தி ஐந்து நிமிடம் ஆறப் போடுங்கள்.

மோர் மாதிரி ஆனதைக் கொட்டாதீர்கள். கிண்ணத்தில் புதிதாக ஒரு மஞ்சள் கருவும் ஒரு டீஸ்பூன் தண்ணீரும் விட்டு, கெட்டுப்போனதைப் புது எண்ணெய் போல நினைத்துச் சொட்டுச் சொட்டாக விட்டு விஸ்கால் அடியுங்கள். முதல் இரண்டு டேபிள்ஸ்பூன் உள்ளே போகும்வரைதான் பொறுமை. அதற்குமேல் தாராளமாக ஊற்றலாம்.

இதற்கு எதிர்மாறான கோளாறும் உண்டு. அடிக்க அடிக்க இறுகி, பளபளவென்று மெழுகு மாதிரி ஆகி, ஓரத்தில் எண்ணெய் மினுக்கம் தெரிந்தால், எண்ணெய்த் துளிகள் நெருக்கியடிக்கின்றன, நடுவில் தண்ணீர் போதவில்லை என்று பொருள். ஒரு டீஸ்பூன் தண்ணீர் விட்டால் உடனே இளகும். நிறைய பேர் இந்த இடத்தில் இன்னும் எண்ணெய் ஊற்றி, கண்ணெதிரே பிரிய விடுகிறார்கள்.

மார்ச் 4, மாலை 6.45

பச்சை முட்டையில் கிருமி இருக்குமோ என்ற பயம் நியாயமானது. எலுமிச்சை விட்டாயிற்று, கிருமி செத்துவிடும் என்ற பேச்சை நம்பாதீர்கள். பாஸ்ச்சுரைஸ் செய்த (மிதமான சூட்டில் கிருமி நீக்கிய) முட்டை கிடைத்தால் பிரச்சினை முடிந்தது. இல்லையென்றால் மஞ்சள் கருவை வேகவைத்தே மயோனைஸ் செய்யலாம்: ஒரு மஞ்சள் கரு, எலுமிச்சை சாறு 15 மி.லி., தண்ணீர் 15 மி.லி. மூன்றையும் சின்னக் கிண்ணத்தில் கலந்து, கீழே தண்ணீர் தளதளக்கும் பாத்திரத்தின்மேல் வைத்து, கை எடுக்காமல் கிளறுங்கள். தெர்மாமீட்டர் 71 டிகிரி செல்சியஸ் காட்ட வேண்டும். சாறும் தண்ணீரும் சேர்ந்திருப்பதால் அந்தச் சூட்டிலும் கட்டி தட்டாது, கரண்டியின் முதுகில் மெல்லிய பூச்சாக நிற்கும். கிண்ணத்தின் அடியைக் குளிர்ந்த தண்ணீரில் வைத்து ஆறவிட்டு, மேலே சொன்னபடி கடுகு, உப்பு, எண்ணெய். சாறும் தண்ணீரும் இதிலேயே வந்துவிட்டதால் திரும்பச் சேர்க்காதீர்கள். இந்த மஞ்சள் கரு பச்சையை விட இறுக்கமாகவே பிடிக்கும்.

எப்படிச் செய்தாலும் ஃப்ரிட்ஜில் நான்கு நாள். மேஜையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைத்ததைத் திரும்ப டப்பாவில் கொட்டாதீர்கள்.

மார்ச் 5, காலை 7.10

முட்டையே வேண்டாம் என்பவர்களுக்கு: குளிர்ந்த பால் 100 மி.லி., எண்ணெய் 200 மி.லி., ஹேண்ட் பிளெண்டர், அதே ஜாடி முறை. பாலின் புரதமே எண்ணெயைப் பிடித்துக்கொள்ளும். கெட்டிப்பட்ட பிறகு எலுமிச்சை 15 மி.லி. விட்டு இரண்டு நொடி ஓட்டினால் இன்னொரு படி இறுகும். சாற்றை முதலிலேயே விட்டால் பால் திரிந்துவிடும். கொண்டைக்கடலை வேகவைத்த தண்ணீர் 45 மி.லி.க்கு 200 மி.லி. எண்ணெய் வைத்தும் செய்யலாம். ஆனால் அது கொஞ்சம் வழுவழுப்பாக நிற்கும், எனக்குப் பாலே மேல்.

முந்திரியும் உண்டு: 120 கிராம், வெந்நீரில் அரை மணி, புதுத் தண்ணீர் 100 மி.லி. விட்டு மைபோல் அரைக்க வேண்டும். இரண்டு விரலுக்கு நடுவில் தேய்த்தால் மணல் தெரியக் கூடாது. முந்திரிக்கு இனிப்பு இருப்பதால் விழுதில் சர்க்கரையை விட்டுவிடுங்கள்.

மார்ச் 5, பகல் 12.40

தயிர்தான் இந்த இழையின் முதல் கேள்வியிலேயே இருந்தது, அதற்கு இன்னும் சரியாகப் பதில் சொல்லவில்லை. கொழுப்பு எடுக்காத பாலில் உறைந்த தயிர் 500 கிராம், துணியில் கட்டி ஃப்ரிட்ஜுக்குள்ளேயே நாலு மணி நேரம். பாதிதான் மிஞ்ச வேண்டும். உப்பை இப்போது போடாமல் பரிமாறும் அன்று போடுங்கள்.

மிக முக்கியம்: வடித்த தயிரை பிளெண்டரில் போடவே கூடாது. அதன் கெட்டித்தன்மை உறைந்தபோது பின்னிக்கொண்ட வலை. பிளேடு பட்டால் அது அறுந்து ஓடும், திரும்பச் சேராது. சோர் க்ரீமும் (புளிக்கவைத்த க்ரீம்) அப்படித்தான். மயோனைஸ் அடிக்க அடிக்க இறுகும், தயிர் அடிக்க அடிக்க இளகும். இரண்டையும் ஒரே ஜாரில் போட்டு ஓட்டினால் என்ன ஆகும் என்று உங்கள் கிண்ணமே காட்டியது. கரண்டியால் மடித்து மடித்துக் கலந்தால் போதும்.

என் விகிதம் மயோனைஸ் இரண்டு பங்கு, வடித்த தயிர் ஒரு பங்கு. பாதிப் பாதி என்றால் புளிப்பு முன்னால் வந்து நின்று புகையை மறைக்கும்.

மார்ச் 5, இரவு 8.55 (கேள்வி கேட்டவர்)

சுட்ட மிளகாயை விட மனம் வரவில்லை. அதையும் வைத்துக்கொண்டு புகை ஏற்ற வழி உண்டா?

மார்ச் 5, இரவு 9.30

உண்டு. சுட்டதும் மூடி போட்ட பாத்திரத்தில் பத்து நிமிடம் வைத்துத் தோலை உரியுங்கள். குழாயில் கழுவாதீர்கள், ருசி சாக்கடைக்குப் போகும். அங்கங்கே கொஞ்சம் கறுப்பு ஒட்டியிருந்தால் இருக்கட்டும். அரைத்த சதையை வாணலியில் பாதி எடைக்குச் சுண்ட விடுங்கள், 100 கிராம் 50 ஆக வேண்டும். தண்ணீர்ப் பிரச்சினை அத்தோடு தீர்ந்தது.

புகைக்கு: சுண்டிய விழுதை அகலமான பாத்திரத்தில் மெல்லிசாகப் பரப்புங்கள், நடுவில் சின்ன உலோகக் கிண்ணம், அதில் நன்றாகக் கனிந்த ஒரு துண்டு அடுப்புக்கரி. மேலே அரை டீஸ்பூன் எண்ணெய் விட்டால் புகை குபுகுபுவென்று எழும். உடனே இறுக மூடி 5 நிமிடம்.

மார்ச் 6, காலை 6.30

நேற்று இரவு அவசரத்தில் எழுதியதில் ஒரு ஓட்டை. கரி என்பது ஏற்கெனவே புகை போன மரம். அதன்மேல் எண்ணெய் விட்டால் எழுவது எண்ணெய் கருகும் புகை, மரப் புகை கிடையாது. மணமும் வேறு, சுட்ட இறைச்சியை நினைவூட்டும். முதல் பதிவில் மரம் இல்லையேல் மணம் இல்லை என்று நானே சொல்லிவிட்டு இதைக் கொடுத்திருக்கக் கூடாது. சிபோட்லேயின் திசைக்குப் போக வேண்டுமென்றால் எண்ணெய்க்குப் பதில் கனிந்த கரியின்மேல் ஒரு டீஸ்பூன் காய்ந்த மரச் சிராய் போடுங்கள். பழ மரம், ஓக் மாதிரி கடின மரமாக இருக்க வேண்டும். பைன் போன்ற பிசின் மரம் வேண்டாம், தார் வாடை வரும். பெயின்ட், வார்னிஷ், பசை பட்ட மரத்தூள் அறவே கூடாது. கரியும் எரியெண்ணெய் ஊறிய ரகமாக இருக்கக் கூடாது. கரி கனியும் இடத்தில் காற்றோட்டம் அவசியம், மூடிய சமையலறையில் கார்பன் மோனாக்சைடு சேரும்.

விழுது குளிர்ச்சியாகவும் ஈரமாகவும் இருந்தால் புகை நன்றாகப் பிடிக்கும், எனவே ஃப்ரிட்ஜில் வைத்தெடுத்துப் புகையூட்டுங்கள். ஐந்து நிமிடம் போதாது என்று தோன்றினால் மறுபடி ஒரு ஐந்து. ஒரேயடியாகப் பதினைந்து நிமிடம் வைத்தால் தொண்டை கமறும். புகையூட்டிய உடனே ருசி பார்த்து முடிவு செய்யாதீர்கள். முதல் சில மணி நேரம் முரடாகத்தான் இருக்கும், ஒரு இரவு போனால் அடங்கும்.

மார்ச் 6, காலை 10.15

புகைத் திரவம் ஏமாற்று வேலையா என்று ஒரு சண்டை ஓடுகிறது. அது மரப் புகையைக் குளிரவைத்துத் தண்ணீரில் பிடித்தது, ஏமாற்று ஒன்றுமில்லை. அளவுதான் ஏமாற்றும். 250 கிராமுக்கு இரண்டு சொட்டு, அதையும் எலுமிச்சை சாற்றில் விட்டுக் கலக்கிச் சேருங்கள். நேராக க்ரீமில் விட்டால் ஒரு இடத்திலேயே தங்கி, அந்த வாய் சாப்பிடுகிறவருக்கு ஆஸ்பத்திரி வாடை. நான்கு சொட்டுக்கு மேல் போய்விட்டால் காப்பாற்ற வழி இல்லை, இன்னொரு மடங்கு க்ரீம் செய்து கலப்பதைத் தவிர.

புகை உப்பு? பார்க்க அழகு. டிப்புக்குள் போட்டால் தெரியவே தெரியாது, மேலே தூவினால் முதல் வாய்க்கு மட்டும் மணக்கும்.

மார்ச் 6, இரவு 9.10

காரம் ஏன் அன்றைக்கு ஒன்று, மறுநாள் ஒன்று என்ற கேள்விக்கு. காரத்தைத் தரும் கேப்சைசின் கொழுப்பில் கரைவது. கொழுப்புக்குள் போனால் நாக்கில் மெதுவாகத்தான் இறங்கும், அதனால் கலந்த உடனே சப்பென்று இருக்கும். விழுதில் துணுக்குத் துணுக்காக இருந்த காரம் இரவில் எண்ணெய் முழுக்கப் பரவிவிடும். ஆகவே நான் முதலில் சொன்ன 35 கிராமை ஒரேயடியாகப் போடாதீர்கள். 25 கிராம் போட்டு 12 மணி நேரம் வைத்து, மறுநாள் தேவைப்பட்டால் மிச்சம் 10.

ருசி பார்ப்பதும் கரண்டியில் வேண்டாம். எதைத் தொட்டுச் சாப்பிடப்போகிறீர்களோ அதில் தொட்டுப் பாருங்கள். பொரித்த உருளைக்கிழங்கில் உப்பு இருக்கும், வெள்ளரித் துண்டில் இருக்காது. கரண்டியில் சரியாக இருந்த டிப் வெள்ளரியோடு உப்பு மந்தமாகத் தெரியும். மொத்த எடையில் உப்பு 1 சதவீதம் அடிப்படை, காய்கறிக்கு 1.2 வரை ஏற்றலாம்.

மார்ச் 7, காலை 7.45 (கேள்வி கேட்டவர்)

ஸ்மோக்ட் பாப்ரிகா, சின்ன ஜார், முழு முட்டை, கூடவே சுண்டிய சுட்ட மிளகாய் 30 கிராம். இரவு முழுக்க வைத்தும் தண்ணீர் விடவில்லை. மணம் நிற்கிறது. ஆனால் நாக்கின் கடைசியில் ஒரு மெல்லிய கசப்பு.

மார்ச் 7, காலை 8.20

இரண்டில் ஒன்று. பாப்ரிகா போட்டபோது எண்ணெய் அதிகச் சூடு, இல்லையென்றால் மிளகாய்த் தோலில் சாம்பலான பகுதியும் அரைபட்டிருக்கிறது. கண்டுபிடிக்க வழி: டிப்பைக் கண்ணாடிக் கிண்ணத்தில் மெல்லிசாகத் தேய்த்து வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள். நிறம் செங்கல் பழுப்புக்கு மாறியிருந்தால் பாப்ரிகா கருகியது. நிறம் பளிச்சென்ற ஆரஞ்சாக இருந்து நடுநடுவே கறுப்புப் புள்ளி தெரிந்தால் தோல். தோல் என்றால் சல்லடையில் ஒருமுறை தேய்த்தால் தப்பிக்கலாம். பாப்ரிகா என்றால் கால் டீஸ்பூன் தேனும் ஒரு சிட்டிகை உப்பும் கசப்பைக் கொஞ்சம் அமுக்கும், நீக்காது.

மார்ச் 7, பகல் 1.05 (கேள்வி கேட்டவர்)

கறுப்புப் புள்ளிதான். சலித்தேன், சரியாகிவிட்டது. இதை மயோனைஸ் என்பதா, அயோலி என்பதா?

மார்ச் 7, பிற்பகல் 3.30

அயோலி என்றால் பூண்டும் எண்ணெயும், பெயரிலேயே அந்த இரண்டும்தான் இருக்கின்றன. கல்லில் பூண்டை இடித்து எண்ணெய் விட்டுக் கடைந்தது. உங்களுடையதில் பூண்டு அரைப் பல். மிளகாய் மயோனைஸ் என்று சொல்லிக்கொள்ளுங்கள், யாரும் சண்டைக்கு வர மாட்டார்கள். அயோலி என்று எழுதினால் வருவார்கள்.

மார்ச் 8, காலை 9.00

விட்டுப்போன சில்லறை விஷயங்கள். மிளகாய் விழுதை, அதுவும் பூண்டு சேர்த்ததை, எண்ணெயில் மூழ்கவிட்டு ஷெல்ஃபில் வைக்காதீர்கள். காற்றுப் புகாத, புளிப்பில்லாத எண்ணெய்க்குள் பொட்டுலினம் என்ற விஷக் கிருமி வளரும், மணத்திலோ நிறத்திலோ தெரியாது. ஃப்ரிட்ஜில் நான்கு நாள், மிச்சம் ஃப்ரீசரில்.

மேலே ஊற்றும் பதத்துக்கு இளக்க வேண்டுமென்றால் தண்ணீரை விட மோர் நல்லது, 250 கிராமுக்கு 20 மி.லி. அப்படி இளக்கியது இரண்டு நாள் பிரியாமல் நிற்க சாந்தன் கம் (கெட்டிப்படுத்தும் பொடி) அரை கிராம். அதை நேராகத் தூவினால் கட்டி தட்டும். ஒரு டீஸ்பூன் எண்ணெயில் குழைத்துக்கொண்டு சேருங்கள்.

மார்ச் 8, காலை 9.20

பீச்சும் பாட்டிலில் அடைக்கிறவர்கள் கவனத்துக்கு: இரண்டாவது தடவையும் சல்லடை. 3 மி.மீ. மூக்கில் ஒரே ஒரு தோல் துணுக்கு நின்றால் போதும், அழுத்தும்போது மூக்கே கழன்று மொத்தமும் தட்டில் விழும்.